டின் பீன்ஸில் பருப்பு உசிலியும் பொரியலும்: முழுமையான வழிகாட்டி

மும்பை செம்பூரில் நான் குடியிருக்கும் கட்டடத்தில், எங்கள் எதிர்வீட்டில் வேலைக்காக ஊரிலிருந்து வந்த பிள்ளைகள் நான்கைந்து பேர் எப்போதும் தங்கியிருப்பார்கள். ஒருவர் போனால் இன்னொருவர் வருவார். கப்பலில் வேலை பார்க்கும் மாமா கொண்டுவந்தது, அமெரிக்காவிலிருந்து அக்கா கொடுத்தனுப்பியது, மழைக்காலத்துக்கு இருக்கட்டும் என்று வாங்கிவைத்தது என அவர்கள் அலமாரியில் பச்சை பீன்ஸ் டின் இரண்டு மூன்றாவது கிடக்கும். அதைத் திறந்து சமைத்தவர்கள் எல்லோரும் ஏறக்குறைய ஒரே இடத்தில்தான் சறுக்கினார்கள். அந்த இடத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

சந்தையில் வாங்கும் பீன்ஸ் வேகாத காய். தாளித்து, காயைப் போட்டு, தண்ணீர் தெளித்து, மூடி வேகவைத்து, கடைசியில் தேங்காய் தூவி இறக்குகிறோம். டின்னில் இருப்பதோ நன்றாக வெந்த காய். பீன்ஸில் புளிப்பு குறைவு என்பதால், அதைக் கெடாமல் காக்க வெறும் கொதிநீர்ச் சூடு போதாது. டின்னை மூடி முத்திரையிட்ட பிறகு அழுத்தக் கலனில் ஏறக்குறைய 116 முதல் 121 டிகிரி செல்சியஸ் வரை சூடேற்றுகிறார்கள். நம் குக்கரின் சூட்டை ஒருமுறை பார்த்துவிட்ட காய் அது. அதை மறுபடி வேகவைத்தால் கூழாகிவிடும்.

ஆகவே வழக்கமான வரிசையைத் தலைகீழாக மாற்ற வேண்டும். மற்றவை எல்லாம் வெந்து, வறுபட்டு, உப்பும் காரமும் சேர்ந்து தயாரான பிறகு, கடைசி மூன்று நிமிடம் மட்டும் பீன்ஸ் வாணலிக்குள் வர வேண்டும். கீழே உள்ள ஒவ்வொரு படியும் அந்த மூன்று நிமிடத்துக்கான ஏற்பாடுதான்.

டின் பீன்ஸுக்கு மிகவும் பொருந்துவது பருப்பு உசிலி. உதிர்ந்த பருப்பு காயின் மிச்ச ஈரத்தை இழுத்துக்கொள்ளும். காயில் இல்லாத கடிபதத்தையும் அதுவே தரும். அதை விரிவாகவும், அவசரத்துக்கான தேங்காய்ப் பொரியலைச் சுருக்கமாகவும் சொல்கிறேன்.

1. கையில் இருப்பது சரியான டின்தானா?

எதிர்வீட்டுத் தம்பி ஒருவர் தாளிப்பெல்லாம் தயாராக வைத்துக்கொண்டு டின்னைத் திறந்தார். உள்ளே தக்காளிச் சாற்றில் ஊறிய வெள்ளைக் கொட்டைகள். அது பேக்டு பீன்ஸ். மும்பைக் கடைகளில் இதுதான் அதிகம் கண்ணில் படும். 'பீன்ஸ்' என்ற சொல்லை மட்டும் பார்த்து எடுத்தால் இப்படித்தான் ஆகும். ராஜ்மா டின்னும் அதே அலமாரியில் இருக்கும். நமக்கு வேண்டியது 'கிரீன் பீன்ஸ்'. காய்கறிக்காரர் 'ஃபரஸ்பி' என்று விற்கிறாரே, அதே காய்.

டின்னில் வருவதில் மூன்று வகை உண்டு. முழுக் காய், ஓர் அங்குல அளவுக்கு நறுக்கியது, நீளவாக்கில் மெல்லியதாகச் சீவியது. நறுக்கியதை எடுங்கள். முழுக் காயையும் வாங்கலாம், நாமே நறுக்கிக்கொள்ளலாம். சீவியதைத் தவிர்ப்பது நல்லது. கரண்டி பட்டவுடன் நாராகப் பிரிந்து உசிலியோடு குழைந்துவிடும்.

சேர்மானப் பட்டியலைக் கட்டாயம் படியுங்கள். பீன்ஸ், தண்ணீர், உப்பு என்று மட்டும் இருப்பதே நல்லது. அமெரிக்காவிலிருந்து வரும் சில 'சதர்ன் ஸ்டைல்' டின்களில் பன்றி இறைச்சியோ அதன் சுவையூட்டியோ சேர்த்திருப்பார்கள். சைவம் சாப்பிடுபவர்களும், மார்க்க காரணத்தால் அதைத் தவிர்ப்பவர்களும் திறப்பதற்கு முன்பே இதைப் பார்த்துவிட வேண்டும். இங்கே கடையில் வாங்கும் வெளிநாட்டு டின் என்றால், இறக்குமதி செய்தவரின் பெயர், முகவரி, இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்எஸ்எஸ்ஏஐயின் 14 இலக்க உரிம எண் ஆகியவை ஒட்டுச்சீட்டில் இருக்க வேண்டும். கிராஃபர்டு மார்க்கெட்டில் வெளிநாட்டுப் பொருள் விற்கும் கடைகளில் விலை சற்றுக் குறைவாகக் கிடைக்கலாம். ஆனால் சீட்டையும் காலாவதித் தேதியையும் பார்க்காமல் பணம் கொடுக்காதீர்கள்.

இனி டின்னின் உடல். மேலோ கீழோ உப்பியிருந்தால், துருவேறி ஓட்டை விழும் நிலையில் இருந்தால், விளிம்பிலோ பக்கவாட்டு இணைப்பிலோ நசுங்கியிருந்தால், திறக்கும்போது திரவம் பீறிட்டால், அதைத் தூக்கி எறிந்துவிடுங்கள். ருசி பார்த்து முடிவுசெய்யலாம் என்று நினைக்கவே கூடாது. காற்றில்லாத, புளிப்பில்லாத இடத்தில் வளரும் கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் என்ற நுண்ணுயிரி உண்டாக்கும் நஞ்சு நரம்புகளைச் செயலிழக்கச் செய்யும். அதற்கு வாசனையோ சுவையோ தெரிய வேண்டும் என்பதில்லை. காசு போனாலும் பரவாயில்லை என்று விட்டுவிட வேண்டிய இடம் இது.

2. எடுத்து வைக்க வேண்டியவை

ஒரு வழக்கமான டின் ஏறக்குறைய 400 கிராம் இருக்கும். தண்ணீரை வடித்தால் காய் மட்டும் 220 முதல் 240 கிராம் வரை தேறும். இரண்டு மூன்று பேர் சாதத்துக்குத் தொட்டுக்கொள்ள இது போதும். கீழே சொல்லும் அளவெல்லாம் ஒரு டின்னுக்கு.

துவரம்பருப்பு கால் கப், கடலைப்பருப்பு கால் கப், காய்ந்த மிளகாய் நான்கு, பெருங்காயத்தூள் அரைத் தேக்கரண்டி, மஞ்சள்தூள் கால் தேக்கரண்டி, கறிவேப்பிலை இரண்டு கொத்து, கடுகு ஒரு தேக்கரண்டி, உளுத்தம்பருப்பு ஒரு தேக்கரண்டி, நல்லெண்ணெயோ கடலை எண்ணெயோ மூன்று மேசைக்கரண்டி, உப்பு, அரை எலுமிச்சம்பழம்.

பெருங்காயம் பாதியளவு போதாதா என்று கேட்பார்கள். புதுக் காய்க்குப் போதும். டின் காயில் நெடுநேரம் வெந்ததால் வரும் ஒரு கனத்த வாசனை இருக்கும். அதைத் தள்ளி முன்னால் நிற்பதற்குப் பெருங்காயம் கொஞ்சம் தாராளமாக வேண்டும்.

பாத்திரங்களில் முக்கியமானது அகலமான வாணலி. இரும்பாக இருந்தால் மிக நல்லது. பால் காய்ச்சும் குழிவான பாத்திரத்தில் இந்த வேலை நடக்காது; எழும்பும் ஆவி வெளியேற வழியில்லாமல் பக்கங்களில் பட்டுத் திரும்பக் காயின் மேலேயே விழும். இவற்றோடு ஒரு வடிதட்டு, சுத்தமான பருத்தித் துண்டு, இட்லித் தட்டு, மிக்ஸி, தட்டையான தோசைத் திருப்பி. கரண்டியைவிடத் திருப்பி நல்லது. கரண்டி காயை அழுத்தும், திருப்பி அடியிலிருந்து தூக்கும்.

கறிவேப்பிலையைக் காயவிட்டுப் பயன்படுத்தாதீர்கள். இங்கே 'கடிபத்தா' என்று கேட்டால் காய்கறிக்காரரே தருவார். நல்ல மணமுள்ளது வேண்டுமானால் மாட்டுங்கா மார்க்கெட் பக்கம் போகும்போது வாங்கி வந்து, ஈரம் துடைத்து டப்பாவில் வைத்துக்கொள்ளலாம்.

3. முதலில் பருப்பு, பிறகு டின்

டின்னை முதலில் திறந்து வைத்துவிட்டு, அதன் பிறகு பருப்பை ஊறப்போடுபவர்கள் பலர். காய் ஒரு மணி நேரம் திறந்து கிடக்கும். மும்பையின் ஈரக் காற்றில் அது நல்லதல்ல. பருப்பு ஊறத் தொடங்கிய பிறகே டின்னைத் தொட வேண்டும்.

இங்கே கடைகளில் துவரம்பருப்பு இரண்டு விதமாகக் கிடைக்கும். ஒன்று சாதாரணம், மற்றொன்று எண்ணெய் தடவியது. குஜராத்திக் குடும்பங்கள் விரும்பி வாங்கும் இந்த எண்ணெய்ப் பருப்பு கையில் வழவழக்கும். தெரியாமல் வாங்கிவிட்டால் பாதகமில்லை. வெதுவெதுப்பான நீரில் இரண்டு மூன்று முறை கசக்கிக் கழுவிய பிறகு ஊறவையுங்கள். கழுவாமல் போட்டால் அந்த எண்ணெய்ப் படலம் நீரை உள்ளே விடாது. ஒரு மணி நேரம் கழித்தும் நடுவில் கடினமாகவே இருக்கும்.

இரண்டு பருப்பையும் மிளகாயையும் சேர்த்து வெதுவெதுப்பான நீரில் ஒரு மணி நேரம் ஊறவையுங்கள். கடலைப்பருப்பு ஒன்றை எடுத்து நகத்தால் அழுத்திப் பாருங்கள். சட்டென்று இரண்டாக உடைந்தால் போதும். மாவாக நசுங்கும் வரை ஊறவிடக் கூடாது, அரைக்கும்போது விழுதாகிவிடும்.

4. திறத்தல், வடித்தல், அலசுதல்

திறப்பதற்கு முன் டின்னின் மேற்பகுதியைச் சோப்பு போட்டுக் கழுவித் துடையுங்கள். கிடங்கிலும் கடையிலும் அது எங்கே கிடந்தது என்று நமக்குத் தெரியாது. மழைக்காலத்தில் எலிச் சிறுநீரால் பரவும் காய்ச்சலைப் பற்றி மும்பை மாநகராட்சி ஆண்டுதோறும் எச்சரிக்கிறது. திறப்பானின் பல் மூடியைத் துளைக்கும்போது மேலிருக்கும் அழுக்கு உள்ளே போகும் என்பதை நினைத்தால் யாரும் இந்தப் படியைத் தாண்ட மாட்டார்கள். வெட்டிய மூடியின் விளிம்பு பிளேடு போல இருக்கும். கையால் வளைத்துப் பிய்க்காதீர்கள்.

டின்னில் உள்ள நீரை முழுதும் வடித்துக் கொட்டிவிடுங்கள். 'சத்து போய்விடுமே' என்று அதிலேயே கொதிக்கவைப்பவர்கள் உண்டு. சத்து கொஞ்சம் அந்த நீரில் இருப்பது உண்மை. ஆனால் உப்பும் அந்தக் கனத்த வாசனையும் அதில்தான் இருக்கின்றன. வாசனையோடு வைத்துக்கொண்டால் சமைத்த காயை யாரும் சாப்பிடப்போவதில்லை.

பிறகு குளிர்ந்த குடிநீரில் இரண்டு முறை அலசுங்கள். வடிதட்டில் வைத்து மெதுவாக ஊற்றினாலே போதும்; குழாயை வேகமாகத் திறந்து அடிக்கக் கூடாது, தோல் உரிந்துவிடும். வெந்நீரும் வேண்டாம், காய் இன்னும் தளரும். வீட்டில் இரத்த அழுத்தம் உள்ளவர்கள் இருந்தால், அலசிய காயைப் பத்து நிமிடம் சாதாரண நீரில் ஊறவைத்து மறுபடி வடியுங்கள். உப்பு சேர்க்காத டின் கிடைத்தால் அதையே வாங்கலாம்.

இப்போது ஒரு துண்டை எடுத்துக் கடித்துப் பாருங்கள். இந்தச் சிறு வேலையைச் செய்யாமல் விட்டதால் கெட்டுப்போன சமையலை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். அலசிய பிறகும் சில டின்களில் நல்ல உப்பு இருக்கும், சிலவற்றில் சப்பென்று இருக்கும். நாக்குதான் அளவு சொல்ல வேண்டும். அதை மனத்தில் வைத்துக்கொண்டு பருப்புக்கு உப்பு போடுவோம்.

கடிக்கும்போது நிறத்தைப் பார்த்து மனம் வாடாதீர்கள். காயின் பச்சையத்தில் உள்ள மக்னீசியம் நெடுநேரச் சூட்டில் பிரிந்துபோவதால் அந்த மங்கலான பாசி நிறம் வருகிறது. அது திரும்பாது. சமையல் சோடா போட்டால் பச்சையாகும் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். சோடா காயின் திசுக்களைப் பிடித்து வைத்திருக்கும் பெக்டினைக் கரைக்கும். ஏற்கெனவே தளர்ந்த காய் கையில் எடுக்க முடியாமல் போய்விடும்.

5. ஈரத்தைப் போக்குதல்

இந்த ஒரு படிக்கு மட்டும் பொறுமை இருந்தால் மற்றதெல்லாம் தானே சரியாக வரும்.

வாணலியில் நீர் இருக்கும்வரை அதிலுள்ள பொருளின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. எவ்வளவு தீ வைத்தாலும் அந்தச் சூடு நீரை ஆவியாக்கவே செலவாகும். காய் வறுபட்டு மேலே லேசாகச் சிவந்து மணம் வர ஏறக்குறைய 140 டிகிரி வேண்டும். ஈரத்தோடு காயை எண்ணெயில் போடுபவர், வறுக்கிறோம் என்று நினைத்துக்கொண்டு உண்மையில் அவித்துக்கொண்டிருக்கிறார்.

முதலில் வடிதட்டில் பத்து நிமிடம் விடுங்கள். தட்டைச் சற்றுச் சாய்த்து வைத்தால் அடியில் தேங்கும் நீரும் இறங்கும். அடுத்து பருத்தித் துண்டை மடித்து விரித்து, அதன்மேல் காயை ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் பரப்பி, மின்விசிறிக்குக் கீழே இருபது நிமிடம் வையுங்கள். பாதி நேரத்தில் துண்டின் இரண்டு ஓரங்களையும் பிடித்துத் தூக்கி ஒருமுறை உருட்டிவிட்டால் அடிப்பக்கமும் காயும். துண்டால் பிழிய வேண்டாம். ஊரிலிருந்து வந்த ஒரு தங்கை மோர்மிளகாய் பிழிவதுபோல் உள்ளங்கையில் வைத்துப் பிழிந்துவிட்டார். விரலிடுக்கில் விதைகள் வழிந்தன.

வெயில் நாளில் இவ்வளவு போதும். ஜூலை, ஆகஸ்டில் மும்பையில் துவைத்த துணியே இரண்டு நாளுக்கு உலராது. பீன்ஸ் எப்படி உலரும்? அந்த நாள்களில் மூன்றாவதாக ஒரு வேலை சேர்த்துக்கொள்ளுங்கள். அகல வாணலியை எண்ணெய் இல்லாமல் நன்றாகக் காயவிட்டு, பீன்ஸை அதில் ஒரே அடுக்காகப் பரப்புங்கள். கிளறாதீர்கள். முதலில் 'சொய்ங்' என்று ஈரச் சத்தம் வரும், ஆவி மேலெழும். ஒரு நிமிடம் கழித்து வாணலியை மட்டும் ஆட்டிக் காயைப் புரளவிடுங்கள். மூன்று நான்கு நிமிடத்தில் அந்தச் சத்தம் அடங்கி, அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சடசடக்கத் தொடங்கும். காயின் தோல் லேசாகச் சுருங்கி, மினுமினுப்புப் போய் மங்கலாகத் தெரியும். அப்போது எடுத்துத் தட்டில் கொட்டிப் பரப்புங்கள். குவித்து வைத்தால் அதன் சூட்டிலேயே மறுபடி வியர்க்கும்.

இன்டக்‌ஷன் அடுப்பு வைத்திருப்பவர்கள் குறைந்த சூட்டில் வைத்தால் அது விட்டுவிட்டு எரியும். காய் இடையிடையே ஆறி நீர் விடும். உயர்ந்த சூட்டில் தொடர்ந்து வைத்து, தேவைப்பட்டால் வாணலியைத் தூக்கிக்கொள்ளுங்கள்.

6. பருப்பை அரைத்து ஆவியில் வேகவைத்தல்

ஊறிய பருப்பை நீர் சொட்டாமல் வடித்து, மிளகாய், பெருங்காயத்தில் பாதி, மஞ்சள்தூள், ஐந்தாறு கறிவேப்பிலை சேர்த்து மிக்ஸியில் விட்டுவிட்டு ஓட்டுங்கள். தண்ணீர் ஒரு துளியும் வேண்டாம். மிக்ஸி சுற்றாமல் நின்றால் கரண்டியால் தள்ளிவிட்டு மறுபடி ஓட்டுங்கள். மசால்வடைப் பதத்தைவிடச் சற்று நைசாக, ரவை போன்ற கொரகொரப்பில் இருக்க வேண்டும். அங்கங்கே ஒரு முழுக் கடலைப்பருப்பு இருந்தால் நல்லதே.

உப்பு இங்கேதான் சேர்கிறது, பீன்ஸில் அல்ல. கடித்துப் பார்த்தபோது காய் உப்பாக இருந்தால் கால் தேக்கரண்டி, சப்பென்று இருந்தால் அரைத் தேக்கரண்டி. காயின் மேல் நேரடியாக உப்பு தூவினால் உள்ளிருக்கும் நீரை அது வெளியே இழுக்கும். அரைமணி நேரம் உலர்த்தியதெல்லாம் வீணாகும்.

இட்லித் தட்டில் எண்ணெய் தடவி, அரைத்ததை அழுத்தாமல் பரப்பி, பத்துப் பன்னிரண்டு நிமிடம் ஆவியில் வையுங்கள். அழுத்தினால் நடுவில் வேகாது. குச்சியோ கத்தி முனையோ குத்தினால் ஒட்டாமல் வர வேண்டும்.

எடுத்தவுடன் உதிர்க்கக் கூடாது. சூட்டோடு கைவைத்தால் கையையும் சுடும், பருப்பும் பிசைந்த மாவாகும். தட்டில் கொட்டி, பெரிய துண்டுகளாக உடைத்து, முழுதும் ஆறவிடுங்கள். பிறகு விரல் நுனியால் உதிர்த்தால் பொலபொலவென்று வரும். மிக்ஸியில் ஒரே ஒரு சுற்று விட்டும் எடுக்கலாம்; இரண்டாவது சுற்று போனால் பொடியாகிவிடும்.

7. தாளித்து, உசிலியை வறுத்தல்

வாணலியில் மூன்று மேசைக்கரண்டி எண்ணெய். குறைக்கலாமா என்று எல்லோரும் கேட்கிறார்கள். இரண்டு வரை குறைக்கலாம். அதற்குக் கீழே போனால் உசிலி தொண்டையில் அடைக்கும்.

எண்ணெய் காய்ந்ததும் கடுகு. அது வெடித்து அடங்கியதும் உளுத்தம்பருப்பு. உளுந்து பொன்னிறம் வரும்போது மீதிப் பெருங்காயமும் கறிவேப்பிலையும். வரிசை மாறினால் ஒன்று கருகும், ஒன்று பச்சையாக நிற்கும்.

உதிர்த்த பருப்பைச் சேர்த்து, நடுத்தரத் தீயில் ஆறேழு நிமிடம் வறுங்கள். தொடக்கத்தில் அது கட்டி கட்டியாக ஒட்டிக்கொள்ளும். பயந்து தண்ணீர் தெளிக்காதீர்கள். திருப்பியின் விளிம்பால் தட்டிக்கொண்டே இருந்தால் மூன்றாவது நிமிடத்துக்குப் பிறகு பிரியத் தொடங்கும். கடைசியில் வாணலியைச் சாய்த்தால் மணல் போல் சரிய வேண்டும். ஓரங்களில் சில துகள்கள் சிவந்து மொறுமொறுவென்று இருக்கும். ஒரு சிட்டிகை எடுத்து வாயில் போட்டுப் பாருங்கள். உப்பு, காரம் இரண்டும் சற்று மேலோங்கித் தெரிய வேண்டும்; பீன்ஸ் சேர்ந்ததும் அது சமனாகும்.

8. கடைசி மூன்று நிமிடம்

தீயைக் கூட்டுங்கள். உசிலியை வாணலியின் ஓரங்களுக்கு ஒதுக்கி, நடுவில் இடம் செய்து, உலர்ந்த பீன்ஸை அங்கே பரப்புங்கள். ஒரு நிமிடம் தொடாதீர்கள். வாணலியோடு நேராகப் படும் பக்கம் லேசாகச் சிவக்கும். டின் காயை மறக்கச் செய்வது அந்தச் சிவப்புதான்.

பிறகு ஓரத்திலிருக்கும் உசிலியை அடியிலிருந்து எடுத்துக் காயின் மேல் புரட்டுங்கள். கிளறுவது வேறு, புரட்டுவது வேறு. ஐந்தாறு புரட்டலில் எல்லாம் கலந்துவிடும். மூன்று நிமிடத்துக்கு மேல் வேண்டாம்.

மூடி போடவே கூடாது. கைப்பழக்கத்தில் மூடிவிடுபவர்கள் அதிகம், நானே முதல் தடவை மூடினேன். மூடியைத் திறந்தபோது அதன் உட்புறத்தில் திரண்ட நீரெல்லாம் உசிலியின் மேல் சொட்டியது. அன்று சாப்பிட்டது பருப்புக் கூட்டு.

9. புளிப்பும் கடைசி உப்பும்

புதுக் காயில் சமைக்கும்போதே எலுமிச்சை பிழிவதில்லை. புளிப்பு நிறத்தை மங்கவைக்கும், காய் வேகவும் தாமதமாகும். டின் காயில் இந்த இரண்டு கவலையும் கிடையாது: நிறம் ஏற்கெனவே போய்விட்டது, வேக வேண்டியதும் இல்லை. ஆகவே புளிப்பைத் தயங்காமல் சேர்க்கலாம். நீண்ட நாள் டின்னில் கிடந்த காயின் மந்தச் சுவையை எழுப்பிவிடுவது அதுதான்.

அடுப்பை அணைத்து, ஒரு நிமிடம் ஆறவிட்டு, அரை எலுமிச்சையின் சாற்றில் பாதியை மட்டும் பரவலாகத் தெளித்துப் புரட்டுங்கள். ருசி பார்த்து மீதியைச் சேருங்கள். கொதிக்கும் வாணலியில் பிழிந்தால் மணம் ஆவியோடு போய், சிலசமயம் கசப்பும் தட்டும். உப்பு குறைவாகத் தெரிந்தாலும் முதலில் புளிப்பைச் சேர்த்துப் பாருங்கள். பல நேரம் உப்பு தேவைப்படாது.

வத்தக்குழம்பு சாதத்துக்கும் மோர்க்குழம்புக்கும் இது மிகப் பொருத்தம்.

10. ஊறவைக்க நேரமில்லாத நாளுக்குத் தேங்காய்ப் பொரியல்

மிக்ஸி இல்லாத அறைகளில் தங்கியிருப்பவர்களுக்கும் இதுதான் வழி. பருப்பை ஊறவைப்பதை விட்டுவிட்டால், ஐந்தாம் படி வரை எல்லாம் அப்படியே. உலர்த்தலை மட்டும் வாணலியில் செய்துகொண்டால் பதினைந்து நிமிடத்தில் முடியும்.

ஒன்றரை மேசைக்கரண்டி எண்ணெயில் கடுகு, உளுந்து, கிள்ளிய மிளகாய் இரண்டு, பெருங்காயம், கறிவேப்பிலை தாளியுங்கள். நசுக்கிய பூண்டு நான்கு பல் சேர்த்துச் சிவக்கவிடுங்கள். இப்போது பீன்ஸுக்கு முன்பாகவே தேங்காய்த் துருவல் கால் கப் போட்டு, ஈரம் போய் வாசனை வரும் வரை ஒன்றிரண்டு நிமிடம் வறுங்கள். வழக்கமான பொரியலில் தேங்காய் கடைசி. இங்கே காய் கடைசி. பச்சைத் தேங்காயின் ஈரமும் தளர்ந்த காயும் சேர்ந்தால் பிசுபிசுத்துப்போகும்.

பீன்ஸைச் சேர்த்து இரண்டு நிமிடம் புரட்டி, இறக்கும்போது பொட்டுக்கடலைப் பொடி இரண்டு தேக்கரண்டியைத் தூவுங்கள். மிச்ச ஈரத்தை அது வாங்கிக்கொள்ளும். பொடி இல்லையென்றால் பொட்டுக்கடலையைச் சப்பாத்திக் கட்டையால் நசுக்கிக்கொள்ளலாம். மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி சேர்த்தால் சப்பாத்திக்கும் சேரும்.

11. தவறிவிட்டால் என்ன செய்வது?

உப்பு அதிகமாகிவிட்டால் தண்ணீர் விட்டுச் சரிசெய்ய முயலாதீர்கள். உப்பில்லாத தேங்காய்த் துருவலை வறுத்தோ, வேகவைத்த உருளைக்கிழங்கைச் சிறு சதுரங்களாக நறுக்கி வறுத்தோ கலந்தால் அளவு கூடும், உப்பு பரவும்.

உசிலி நமுத்துப்போனால் அகலத் தட்டில் பரப்பி, வாணலியைக் கழுவித் துடைத்துக் காயவைத்து, இரண்டு பங்காகப் பிரித்து வறுங்கள். எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுத் தீயைக் கூட்டினால் அடி கருகும், மேலே ஈரமாகவே நிற்கும். ஒரே நேரத்தில் இரண்டு டின் சமைப்பவர்களுக்கும் இதே அறிவுரை; இரண்டு தவணையாகச் செய்யுங்கள்.

காய் குழைந்தே போய்விட்டதா? அதை மீட்க முடியாது. அப்படியே வேகவைத்த துவரம்பருப்பில் சேர்த்து, தேங்காய், சீரகம் அரைத்துவிட்டுக் கூட்டாக மாற்றிவிடுங்கள். குக்கரில் ஒரு விசில் வைத்துவிட்டு "அக்கா, இதை என்ன செய்வது?" என்று பாத்திரத்தோடு வாசலில் நின்ற தம்பிக்கு அன்று அப்படித்தான் செய்து கொடுத்தேன்.

இன்னொன்றைக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். பாத்திரம் கழுவச் சோம்பி, டின்னையே அடுப்பில் ஏற்றிச் சூடுபண்ணாதீர்கள். திறக்காத டின் வெடிக்கலாம். திறந்த டின்னின் உள்பூச்சோ நேரடித் தீயைத் தாங்குவதற்காகப் பூசப்பட்டதல்ல.

12. மிச்சத்தை வைத்துக்கொள்ளுதல்

பாதி டின் மட்டும் போதும் என்றால், மீதியைத் திறந்த டின்னோடு குளிர்பதனப் பெட்டியில் வைக்காதீர்கள். கண்ணாடி அல்லது எவர்சில்வர் டப்பாவுக்கு மாற்றி, மூடி, மூன்று நாளுக்குள் தீர்த்துவிடுங்கள். அலசாமல் அதன் நீரோடேயே வைத்து, சமைக்கும் நாளில் அலசினால் காய் வறண்டு சுருங்காது.

சமைத்த உசிலியை மதியச் சாப்பாட்டு டப்பாவில் கொண்டுபோவதானால், முழுதும் ஆறிய பிறகே மூடுங்கள். காலை ஏழரை மணி லோக்கல் ரயிலில் சூடாக மூடிக்கொண்டு போனால், ஒரு மணிக்குத் திறக்கும்போது மூடியில் முத்து முத்தாக நீர் நிற்கும். எலுமிச்சையைப் பிழியாமல் ஒரு துண்டைத் தனியாக எடுத்துக்கொண்டு போய், சாப்பிடும்போது பிழிந்துகொள்ளுங்கள். தேங்காய்ப் பொரியலை வெயில் மாதங்களில் டப்பாவில் கொண்டுபோக வேண்டாம். ஏப்ரல், மே மாதங்களில் மதியத்துக்குள் தேங்காய் ஊசிவிடும். அந்த நாள்களில் உசிலிதான் பாதுகாப்பு.